எதிர் அடுப்புக்காரியின் ஏச்சு

எங்கள் மீனவ ஊரான டெஷியின் கடற்கரைச் சாலையில் போன வேன் சட்டென்று பிரேக் போட்டதில், அமோக்கோவின் நெற்றி முன்சீட்டின் இரும்புக் கம்பியில் மோதியது. கை தப்பியது, கால் தப்பியது, கண்ணும் காதும் தப்பின. நாக்குக்கும் ஒன்றும் ஆகவில்லை. அதில் மட்டும் தெருவில் சிலருக்குக் கொஞ்சம் வருத்தம். எல்லாம் சரியாக இருக்கிறது, வீட்டுக்குப் போகலாம் என்று ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்கள். கிளம்பும்போது டாக்டர் அவளுடைய மகள் நாஷிகாவைத் தனியாகக் கூப்பிட்டு, "உங்கம்மா எல்லா வேலையும் செய்வாங்க. வரிசையாச் செய்ய வருமான்னுதான் தெரியல," என்றார்.

நாஷிகாவுக்கு அது பெரிய விஷயமாகப் படவில்லை. யாருக்குத்தான் படும்? ஒரு காரியத்தை நினைத்தவுடன், அதற்கு முன்னால் என்ன, அதற்கும் முன்னால் என்ன என்று பின்னாலிருந்து அடுக்கிக்கொண்டு வருகிற ஒருத்தி நம் எல்லார் தலைக்குள்ளும் உட்கார்ந்திருக்கிறாள். மத்தியானம் சாப்பாடு வேண்டுமென்றால் காலையிலேயே பானை ஏற வேண்டும், பானை ஏற வேண்டுமென்றால் அதற்குமுன் விறகு வேண்டும், தண்ணீர் வேண்டும் என்று அவள்பாட்டுக்குச் சத்தமில்லாமல் பார்த்துக்கொள்கிறாள். நாம் ஒருநாளும் அவளுக்கு நன்றி சொன்னதில்லை. இருப்பதே தெரியாதவளுக்கு எங்கே போய்ச் சொல்வது? அமோக்கோவின் தலையில் அடி விழுந்தது அவள்மேல்தான்.

அமோக்கோவின் பிழைப்பு கோமி சமைத்து விற்பது. புளித்த மக்காச்சோள மாவில் பாதியை உப்புப் போட்டுக் களியாகக் கிண்ட வேண்டும். மீதிப் பாதியைப் பச்சையாகவே அந்தக் களியில் போட்டுப் பிசைந்து உருட்ட வேண்டும். சோளக்கதிரின் காய்ந்த தோலை ஊறவைத்து, அதில் உருண்டையைப் பொதிந்து, பானையில் அடுக்கி வேகவைக்க வேண்டும். பாதி வெந்தது, பாதி பச்சை. கோமியின் உயிரே அதில்தான் இருக்கிறது. அமோக்கோ ஆஸ்பத்திரியிலிருந்து வந்து முதல்முறை சமைத்தபோது மாவு முழுவதையும் பானையில் கொட்டிக் கிண்டிவிட்டாள். கிண்டியது என்னவோ அழகாகத்தான் கிண்டினாள். ஒரு கட்டி இல்லை. ஆனால் வந்தது கோமி அல்ல, சுவரில் படம் ஒட்டுகிற பசை.

அன்றைக்குச் சாயங்காலம் அதையே தட்டில் வைத்துத் துணியால் மூடி, ஆண்கள் வீட்டில் இருந்த புருஷன் ஆயிக்வேக்கு எடுத்துப்போனாள். எங்கள் ஊரில் ஆண்கள் ஒரு வீட்டிலும் பெண்கள் ஒரு வீட்டிலுமாகத்தான் இருப்பார்கள். வலை இழுக்கிற மனுஷன், பசியோடு இருந்தான். முழுவதையும் தின்றுவிட்டு, "இன்னும் இருக்கா?" என்று கேட்டான். பல்லோடு பல் ஒட்டிக்கொண்டு பேச்சுச் சரியாக வரவில்லை. அவன் பொய் சொல்கிறான் என்று தெரிந்துதான் அமோக்கோவுக்கு அழுகை வந்தது. இவனைப் போய் அம்மா கட்டிக்க வேண்டாமென்று சொன்னாளே என்று நினைத்துக்கொண்டே திரும்பி வந்தாள்.

அதற்குப் பிறகும் எதுவும் ஒழுங்காகவில்லை. அடுப்பு கொழுந்துவிட்டு எரியும், மேலே பானை இருக்காது. மிளகாய்ச் சாந்து மண்சட்டியில் மைபோல் அரைபட்டிருக்கும், கதிர்த்தோல் ஊறாமல் கூடையில் மொடமொடவென்று கிடக்கும். தண்ணீர் எடுக்கப் போனவள் வழியில் காய்ந்த துணியைப் பார்த்து அதை மடிக்க உட்கார்ந்துவிடுவாள். நாஷிகா தன் போனில் அலாரம் வைத்து அம்மா இடுப்பில் சொருகிவிட்டாள். அது அடித்தவுடன் அமோக்கோ எடுத்து அணைத்து, "பாரேன், சொன்ன நேரத்துக்கு அடிக்குது," என்று மெச்சிவிட்டு மறுபடி சொருகிக்கொள்வாள். எதற்கு அடித்தது என்பது மட்டும் அவளுக்கு வராது. கடைசியில் நாஷிகாவே பக்கத்தில் நின்று, "அம்மா, இப்ப தோலை ஊறப்போடும்மா," என்று குழந்தைக்குச் சொல்வதுபோலச் சொல்லிப் பார்த்தாள். அமோக்கோ தோலைக் கையில் வைத்துக்கொண்டு, பெற்ற பெண் சோறு ஊட்டாத குறைதான் என்று அழுதாள். அழுது முடித்தபோது அடுப்பு அணைந்திருந்தது.

சந்துக்கு எதிர்ப்பக்கம் ஒகாய்லேயின் அடுப்பு. அவளும் கோமிக்காரிதான். ஏதோ ஒரு மழைக்காலத்தில் யாருடைய புகை யாருடைய பானைக்குள் போனது என்று ஆரம்பித்த சண்டை, பிள்ளைகள் வளர்ந்து கல்யாணமாகிப் போன பிறகும் ஓயவில்லை. அமோக்கோ ஆஸ்பத்திரியில் கிடந்தபோது தெருவே போய்ப் பார்த்தது, ஒகாய்லே போகவில்லை. அழுத மறுநாள் காலையில் அமோக்கோ எரிகிற அடுப்பின் முன்னால் வெறுமனே நின்றுகொண்டிருந்தாள். எதிர்ப்பக்கத்திலிருந்து குரல் வந்தது.

"நெருப்புல குளிர் காயறாங்க மகாராணி. பானைன்னு ஒண்ணு இருக்குடி, அது மேல வைக்கறதுக்கு."

அமோக்கோவுக்கு உச்சந்தலைவரை ஏறியது. "உன் வேலையப் பாருடி," என்று கத்தியபடியே பானையைத் தூக்கி அடுப்பில் வைத்தாள். இவளிடம் பேச்சு வாங்குவதற்குச் செத்தே போயிருக்கலாம்.

"வெறும் பானைய வறுக்கறா. புது பலகாரம் போல."

தண்ணீர் ஊற்றினாள்.

அன்று முழுக்க அந்த வாய் ஓயவில்லை. ஓய்ந்த இடங்களும் உண்டு; அமோக்கோ தானாக ஒன்றைச் செய்துகொண்டிருக்கும்போது ஒகாய்லே வாயைத் திறக்கவே இல்லை. அமோக்கோ அதைக் கவனிக்கவில்லை, கோபத்தில் யார் கவனிப்பார்கள்? மாவுத் தொட்டியைச் சாய்க்கப் போனபோது, "கொட்டு, எல்லாத்தையும் கொட்டு, பாதி எடுத்து வைக்கறதெல்லாம் உங்கம்மா பழக்கம்," என்று காதில் விழுந்தது. செத்துப்போன அம்மாவை இழுக்கிறாளே என்று பல்லைக் கடித்துக்கொண்டு, பாதி மாவை அள்ளி வேறு தொட்டியில் போட்டாள். சாயங்காலம் கோமி கோமியாகவே வெந்து வந்தது. ஆயிக்வே தட்டை வழித்துத் தின்றான். தட்டைத் திருப்பிக் கொடுத்தபோது கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

இப்படி வாரங்கள் போயின. அடுத்தடுத்து நல்ல கோமி வந்தது. தன் தலை ஆறிவிட்டது என்றே அமோக்கோ நம்பினாள். எதிர்ப்பக்கத்து வாயைப் பற்றி அவள் ஊரெல்லாம் புலம்பினாளே தவிர, அந்த வாய்க்கும் இந்தக் கோமிக்கும் சம்பந்தம் இருக்கும் என்று கனவிலும் நினைக்கவில்லை.

வீட்டில் பெரியவள் ஆவோ டேடெய், அமோக்கோவுக்குப் பெரியம்மா. அந்த வீட்டு அடுப்பு யாருக்கு என்று தீர்மானிக்கிற உரிமை அவளுக்குத்தான். கெட்டவள் இல்லை, ஆனால் வீணாய்ப்போன சோளத்தை எல்லாம் பார்த்திருந்தாள். இளையவள் ஒருத்தி அந்த அடுப்புக்குக் காத்துக்கொண்டும் இருந்தாள்.

"அமோக்கோ, அடுப்ப உன் தங்கச்சிக்கு விட்டுடு," என்றாள் ஆவோ. "உனக்கு ஒரு குறையும் வராது. காலைல ஒரு தட்டு, சாயங்காலம் ஒரு தட்டு. நெழல்ல உக்காந்து சாப்பிடு."

அந்தத் தட்டுதான் அமோக்கோவைப் பயமுறுத்தியது. மூலையில் உட்காரவைத்து, தட்டு வரும்வரை வாசலைப் பார்த்துக்கொண்டிருக்கிற பிழைப்பு. புருஷனுக்குச் சாயங்காலம் சோறு எடுத்துப்போகக்கூட யாராவது சமைத்துக் கொடுக்க வேண்டும்.

"என் தலை சரியாயிடுச்சு ஆவோ. இப்ப வர்ற கோமியப் பாக்கலயா நீங்க?"

"பாக்கறேன். நாஷிகா உதவி பண்றாளோன்னு சந்தேகம்."

"யாரும் பண்ணல. நானேதான். வேணும்னா ஒருநாள் யாரையும் கிட்ட விடாதீங்க. தனியாச் செஞ்சு காட்டறேன்."

ஆவோ யோசித்தாள். "சரி. வர்ற செவ்வாக்கிழமை. கடலுக்கு ஓய்வு நாள், யாரும் மீன் பிடிக்கப் போகமாட்டாங்க, ஆம்பளைங்க எல்லாம் கரையில வலை தெச்சுக்கிட்டு இருப்பாங்க. மத்தியானம் அவங்க பசிக்கு உன் கோமி கரைக்குப் போகணும். வீட்டுல ஒருத்தரும் வாயத் தொறக்கமாட்டோம். வந்தா அடுப்பு உனக்கு. வரலன்னா அழுது அடம்பிடிக்கக் கூடாது."

அமோக்கோ ஒப்புக்கொண்டாள். சோளம் ஊறி, அரைபட்டு, மாவு புளித்துத் தயாராயிற்று. அதையும் அவள்தான் செய்தாள், தெரு முழுக்கக் கேட்க ஏச்சு வாங்கிக்கொண்டே. திங்கட்கிழமை சாயங்காலம், மகளைக் கட்டிக்கொடுத்த டேமாவிலிருந்து ஒகாய்லேக்குப் போன் வந்தது. மகளுக்கு வலி கண்டுவிட்டது. அவள் துணிமூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு புறப்பட்டாள். சந்தில் இறங்கும்போது ஏனோ நின்று அமோக்கோவின் அடுப்பைப் பார்த்தாள், வாயைத் திறந்தாள், ஒன்றும் சொல்லாமல் போய்விட்டாள். நாளைக்காவது காது குளிரும் என்று அமோக்கோவுக்கு ஒரே சந்தோஷம்.

செவ்வாய்க்கிழமை விடிந்தது. ஆவோ நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தாள். நாஷிகா தூணோடு தூணாக நின்றாள். அமோக்கோ கதிர்த்தோலை ஊறப்போட்டாள், அடுப்பு மூட்டினாள், தண்ணீர் வைத்தாள். எல்லாம் சரியாகத்தான் போனது. தண்ணீர் கொதித்தது.

கொதித்துக்கொண்டே இருந்தது.

அமோக்கோ நின்றாள். களி கிண்டுகிற துடுப்பு கையில் இருந்தது. மாவுத் தொட்டி காலடியில் இருந்தது. கோமி வேண்டும் என்பது தெரிந்தது, மத்தியானம் வேண்டும் என்பதும் தெரிந்தது. இங்கிருந்து அங்கே போகிற வழி மட்டும் எங்கோ விழுந்துவிட்டது. சந்தின் எதிர்ப்பக்கம் ஒரு சத்தமும் இல்லை. அவள் துடுப்பைக் கீழே வைத்துவிட்டு மிளகாய் அரைக்க உட்கார்ந்தாள். நன்றாக அரைத்தாள். பிறகு மறுபடி அரைத்தாள். பானைத் தண்ணீர் பாதியாகச் சுண்டியது. நாஷிகா உதட்டைக் கடித்தாள். ஆவோ அவளை ஒரு பார்வை பார்த்தாள்.

அப்போதுதான் மீன் பொரிக்கிற ஷோமே தன் இரும்புச் சட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தாள். கோமி இருக்கிற இடத்தில்தான் பொரித்த மீன் விற்கும். ஷோமே வாயாடி, வீட்டு விவகாரம் எதுவும் அவளுக்குத் தெரியாது.

"ஒகாய்லேக்கா ஊருக்குப் போயிட்டாங்களாம். நல்லதுதான், இன்னைக்காவது ஜனங்க வாயில வைக்கற மாதிரி சாப்பிடுவாங்க," என்றாள் அவள், எண்ணெயை ஊற்றிக்கொண்டே. "உங்களுக்குத் தெரியாதா அமோக்கோக்கா? ரொம்ப நாளா அவங்க பானை தினமும் அடி பிடிக்குது. கருகல் வாடை. பாதிப் பேர் அவங்ககிட்ட வாங்கறத நிறுத்திட்டாங்க. ஏன்க்கா இப்படின்னு கேட்டேன். எப்படித் தீயாம இருக்கும்? முக்காலியத் திருப்பிப் போட்டு, சொந்தப் பானைக்கு முதுகக் காட்டிக்கிட்டு, நாள் முழுக்க உங்க அடுப்பையே பாத்துக்கிட்டு இருந்தா? வயித்தெரிச்சல் புடிச்ச பொம்பள."

அமோக்கோவின் கை அரைப்பதை நிறுத்தியது.

நெருப்பில் குளிர் காயறாங்க என்றது பானை வைக்க வேண்டிய நேரத்தில். வெறும் பானையை வறுக்கிறாள் என்றது தண்ணீர் ஊற்ற வேண்டிய நேரத்தில். ஒருநாளாவது அந்த வாய் நேரத்துக்கு முன்னால் திறந்ததா, பின்னால் திறந்ததா? சரியாக இருக்கும்போது ஒரு வார்த்தையாவது வந்ததா? ஆறியது தன் தலை அல்ல. எதிர்ப்பக்கத்தில் ஒருத்தி தன் பானையைத் தீயவிட்டுவிட்டு இந்தப் பானையை நடத்திக்கொண்டிருந்திருக்கிறாள். அவளை எத்தனை பேரிடம் எத்தனை விதமாகச் சபித்திருக்கிறேன் என்று நினைத்தாள். இப்போது அவள் இல்லை. தண்ணீர் சுண்டிக்கொண்டிருக்கிறது.

அமோக்கோ எழுந்து பானையின் முன்னால் வந்து நின்றாள். சந்தின் எதிர்ப்பக்கம் பார்த்தாள், காலியான முக்காலியைப் பார்த்தாள். பிறகு இடுப்பில் கை வைத்து, ஒகாய்லேயின் அந்த மூக்குக் குரலில், தெருவே திரும்பிப் பார்க்கும்படி ஆரம்பித்தாள்.

"ஏன்டி மகாராணி, தண்ணி உனக்குத் தாகத்துக்கா கொதிக்குது? சுண்டினதுக்கு இன்னும் ஊத்து."

அவளுடைய கை போய்த் தண்ணீரை ஊற்றியது.

ஷோமே வாயைப் பிளந்தாள். ஆவோ நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

"உப்பு யாரு போடுவா, உன் புருஷன் கடல்லேருந்து கொண்டுவருவானா?"

உப்புப் போட்டாள். தொட்டியைத் தூக்கினாள். மாவு முழுவதும் விளிம்புக்கு வந்தது. நாஷிகா கண்ணை மூடிக்கொண்டாள்.

"கொட்டு, எல்லாத்தையும் கொட்டு. பாதி எடுத்து வைக்கறதெல்லாம் சமைக்கத் தெரிஞ்சவங்க பழக்கம், உனக்கு எதுக்கு?"

தொட்டி நின்றது. அமோக்கோ அதை இறக்கி, பாதியை அள்ளித் தனியாக வைத்தாள். கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்துகொண்டிருந்தது, வாய் மட்டும் ஏசிக்கொண்டே இருந்தது. கிண்டும்போது ஏசினாள், பிசையும்போது ஏசினாள். பொதிகிறபோது தோல் கிழிந்ததற்குத் தன் பாட்டன் முப்பாட்டன்வரை இழுத்தாள். அடுக்கி மூடிய பிறகு, "அப்படியே விட்டுட்டு ஊர் சுத்தப் போ, விறகு தானா வந்து எரியும்," என்று சொல்லிவிட்டு விறகைத் தள்ளினாள். சந்தில் கூட்டம் கூடிவிட்டது. அமோக்கோவுக்குப் பேய் பிடித்துவிட்டது என்றான் ஒருத்தன். பேயாக இருந்தால் நல்ல சமையல்காரப் பேய் என்றான் இன்னொருத்தன்.

மத்தியானம் கோமி கரைக்குப் போனது. சில உருண்டைகள் கட்டு அவிழ்ந்து ஒழுகியிருந்தன, ஒன்றிரண்டு நடுவில் வேகவில்லை. வலை தைத்தவர்கள் மிளகாயும் மீனும் வைத்து எல்லாவற்றையும் தின்றார்கள். பானையில் தண்ணீர்தான் மிஞ்சியது.

ஆவோ ஒரு உருண்டையைப் பிட்டு வாயில் போட்டு மென்றாள். "அடுப்பு உனக்குத்தான்," என்றாள். "ஆனா கொஞ்சம் வாய மூடிக்கிட்டு சமைக்கக் கூடாதா?"

"முடியாது ஆவோ."

"சரி, காதுல பஞ்சு வச்சுக்கறேன்." கிழவி எழுந்து போகும்போது அமோக்கோவின் கன்னத்தை ஒரு முறை தடவிவிட்டுப் போனாள்.

பேத்திக்குப் பெயர் வைத்து முடித்து, அடுத்த வாரம் ஒகாய்லே திரும்பி வந்தாள். மூட்டையை இறக்குவதற்குள் அமோக்கோ சந்தின் எதிர்ப்பக்கம் போய் அவள் முன்னால் நின்றாள். இத்தனை வருஷத்தில் அவள் அந்தப் பக்கம் கால் வைத்ததில்லை.

"என்னடி, வழி தவறிட்டியா?" என்றாள் ஒகாய்லே.

"நன்றி சொல்ல வந்தேன்."

"எதுக்கு? நான் உன்னத் திட்டினேன். திட்டினவளுக்கு நன்றி சொல்றவள இன்னைக்குத்தான் பாக்கறேன். மறுபடி அந்த டாக்டர்கிட்ட போய்க் காட்டு."

"ஷோமே எல்லாம் சொன்னா."

"ஷோமேக்கு மீனும் பொரிக்கத் தெரியாது, பேசவும் தெரியாது." ஒகாய்லே மூட்டையை அவிழ்க்கிற சாக்கில் குனிந்துகொண்டாள். பிறகு, "நீ என் குரல்ல பேசினியாமே. பஸ்ஸ விட்டு எறங்கறதுக்குள்ள நாலு பேரு சொல்லிட்டாங்க. எங்க, பேசு பாப்போம்," என்றாள்.

அமோக்கோ இடுப்பில் கை வைத்தாள். "கொட்டு, எல்லாத்தையும் கொட்டு. பாதி எடுத்து வைக்கறதெல்லாம் சமைக்கத் தெரிஞ்சவங்க பழக்கம்."

ஒகாய்லே முகத்தைச் சுளித்தாள். "தப்பு. சமைக்கத் தெரிஞ்சவங்கன்னு நான் எப்ப சொன்னேன்? உங்கம்மா பழக்கம்னுதான் சொன்னேன். சமைக்கத் தெரியாதவன்னு சொன்னா நீ துடுப்ப வீசிட்டு சண்டைக்கு வந்துடுவ, மாவு கெட்டுப்போகும். உங்கம்மாவ இழுத்தா கோபமும் வரும், கையும் வேலையில நிக்கும். அத யோசிச்சுக் கண்டுபிடிக்க எனக்கு ஒரு ராத்திரி பூரா ஆச்சு. நீ என்னடான்னா..."

அவள் நிறுத்திக்கொண்டாள். வாயிலிருந்து விழுந்ததை இனி எடுக்க முடியாது.

"ராத்திரி முழுக்க யோசிச்சியா?" என்றாள் அமோக்கோ.

"தூக்கம் வரல, யோசிச்சேன்."

"ஒவ்வொண்ணுமா?"

ஒகாய்லே அவிழ்த்த மூட்டையையே மறுபடி முடிச்சுப் போட்டாள். "உன் பொண்ணு அன்பாச் சொன்னா. நீ அழுதுட்டு உக்காந்துட்ட, நெருப்பு அணைஞ்சுபோச்சு. இங்கேருந்து பாத்துக்கிட்டுதான் இருந்தேன். மறுநாள் ஏதோ வாய்க்கு வந்ததச் சொன்னேன், நீ எழுந்து பானைய வச்சுட்ட. சரி, இவளுக்கு இதுதான் மருந்து போலன்னு நெனச்சேன். ஆஸ்பத்திரிக்கு வந்து பாக்கத்தான் தைரியம் வரல. அங்க வந்து எப்படிச் சண்டை போடறது?"

அமோக்கோ அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். கருகிய பானைகளைத் தேய்த்துத் தேய்த்து அந்த விரல்கள் சொரசொரவென்றிருந்தன. "உனக்கு எப்படி நன்றி சொல்றதுன்னு எனக்குத் தெரியல ஒகாய்லே. எதுல ஆரம்பிச்சு எதுல முடிக்கறதுன்னு வரமாட்டேங்குது. நீ இல்லன்னா நான் இப்ப மூலையில உக்காந்து தட்டுக்காகப் பாத்துக்கிட்டு இருப்பேன். நீ நல்லா இருக்கணும். உன் பேத்தி நல்லா இருக்கணும்."

ஒகாய்லே கையை இழுத்துக்கொள்ளவில்லை. "அதான் இப்ப நீயே உன்னத் திட்டிக்கறியே. இனிமே நான் எதுக்கு?"

"நானே திட்டிக்கிட்டா பயமா இருக்கு. எங்கயாவது விட்டுடுவேனோன்னு. நீ திட்டினா பயமில்ல."

ஒகாய்லே இடுப்புத் துணியின் நுனியால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். பேத்தியின் பால் வாடை இன்னும் அந்தத் துணியில் இருந்தது. "அப்படின்னா காலைல நேரத்தோட எழுந்திரு," என்றாள். "உனக்காக நான் தொண்டை கிழியக் கத்திக்கிட்டு இருக்க முடியாது."

அமோக்கோ தலையாட்டிவிட்டுச் சந்தில் இறங்கித் தன் அடுப்புக்கு நடந்தாள். திட்டு வாங்குவதற்காக விடியட்டும் என்று ஒரு மனுஷி இவ்வளவு ஆசையாகக் காத்திருந்ததை எங்கள் தெரு அதற்கு முன் பார்த்ததில்லை.